கை சிவக்கும் இலை

போன வாரம் காலை நடை முடிந்து திரும்பும்போது உங்களில் மூன்று பேர் என் வீட்டு கேட்டருகே நின்று, சுற்றுச்சுவரில் படர்ந்து பூத்திருக்கும் வெள்ளைக் கொடியில் ஆளுக்கொரு குச்சி கேட்டீர்கள். தேனி வெயிலில் இதை எப்படி வளர்த்தாய், யார் சொல்லித் தந்தது என்றும் கேட்டீர்கள். நர்சரியில் வாங்கினேன் என்று சொல்லி அனுப்பிவிட்டேன். வாங்கியது உண்மைதான். ஆனால் நீங்கள் கேட்டதற்கு அது பதிலல்ல. நாம் எல்லோரும் அறுபதைத் தாண்டியவர்கள். இனி எதை மறைத்து எனக்கு என்ன ஆகப்போகிறது? எழுதியே தருகிறேன். வாட்ஸ்அப் குழுவில் மட்டும் போட வேண்டாம்.

முதலில் குச்சியைப் பற்றி. முற்றிய தண்டும் ஆகாது, இளந்தண்டும் ஆகாது. பென்சில் கனத்துக்குக் கொஞ்சம் குறைவாக, இரண்டு கணு வருகிற மாதிரி வெட்டி, ஒரு கணு மண்ணுக்குள் போக நட வேண்டும். இந்தக் கொடிக்கு வேர் குளிர்ச்சியாகவும் தலை வெயிலிலும் இருக்க வேண்டும். அதனால் அடியில் ஒரு தட்டைக் கல்லை வைத்து மூடுங்கள். பிடித்து ஏற மெல்லிய கம்பி போதும். இலைக்காம்பே வளைந்து கம்பியைச் சுற்றிக்கொள்ளும். ஐப்பசி மழை விழுந்ததும் பூக்கும். வெட்டும்போது கையுறையும் முழுக்கைச் சட்டையும் போட்டுக்கொள்ளுங்கள். இலையைக் கசக்க வேண்டாம். வீட்டில் பேரன் பேத்தி இருந்தால் ஏன் என்று அவர்களுக்குப் புரிகிற மாதிரி சொல்லிவிடுங்கள்.

இவ்வளவையும் எனக்குச் சொல்லித் தந்தவள் என் சித்தி. அம்மாவின் தங்கை அல்ல. அம்மா இறந்து ஒரு வருடம் கழித்து அப்பா கட்டிக்கொண்டு வந்தவள்.

எங்கள் ஊர் ஓடைப்பட்டி. அப்பாவுக்கு இரண்டு ஏக்கர் பன்னீர் திராட்சை. கல்தூண் நட்டு, கம்பி இழுத்துக் கட்டிய பந்தல். திராட்சைக்கு அடிக்க மயில்துத்தத்தையும் சுண்ணாம்பையும் கரைத்துக் கரைத்து அப்பாவின் உள்ளங்கை எப்போதும் நீலம் பாய்ந்திருக்கும். கம்பி இழுத்துக் காய்த்துப்போன கை. என் கன்னத்தில் அவர் கை பட்டால் சொரசொரவென்று இருக்கும்.

சித்தி கேரள எல்லையில், கம்பம்மெட்டுக்கு மேலே ஏலத்தோட்டத்திலிருந்து வந்தவள். அவளைப் பெற்றவர்கள் அங்கே காய் எடுக்கப் போய் அங்கேயே தங்கிவிட்ட தமிழ்க் குடும்பம். அவள் பேச்சில் மலையாளம் கலந்திருக்கும். என்னை "மோளே" என்று கூப்பிடுவாள். மகளே என்று அர்த்தம். அர்த்தம் தெரிந்த பிறகும் தெரியாத மாதிரி இருந்தேன். நான் அவளை எதுவும் சொல்லிக் கூப்பிட்டதில்லை. "இந்தா" என்பேன். இப்போது எழுதுவதற்காகத்தான் சித்தி என்கிறேன்.

கல்யாணம் முடிந்து தாய்வீட்டுக்கு முதல் தடவை போய்த் திரும்பியபோது அவள் ஒரு பிஸ்கட் டப்பாவை மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸிலிருந்து இறங்கினாள். எனக்குத் தின்பண்டம் என்று நினைத்து ஓடினேன். உள்ளே ஈரப்பாசிக்கு நடுவில் நாலைந்து குச்சிகள். எனக்கு அழுகை வந்துவிட்டது. அவள் இடுப்பு முடிச்சிலிருந்து இரண்டு கமர்கட்டை எடுத்துத் தந்தாள்.

எங்கள் வீட்டுப் பின்பக்கம் குளிக்கும் இடத்துக்குத் தட்டி வைத்து மறைத்திருக்கும். அந்தத் தண்ணீர் ஓடும் வழியில் குச்சிகளை நட்டாள். சித்திரை வெயில். எல்லாம் ஒரே வாரத்தில் கருகிவிட்டன. அடுத்த தடவை மலைக்குப் போய் வந்தபோது மறுபடி குச்சி. அதுவும் போனது. மூன்றாவது தடவை ஆடியில் நட்டாள். அடியில் தட்டைக்கல் வைத்து, மேலே தென்னங்கீற்று சாத்தி, காலையும் சாயங்காலமும் உட்கார்ந்து பார்ப்பாள். நானும் பக்கத்தில் உட்காருவேன். ஒருநாள் கணுவில் கடுகு அளவுக்குப் பச்சை தெரிந்தது. அவள் என் விரலைப் பிடித்து அதன்மேல் லேசாக வைத்துக் காட்டினாள்.

அப்பா தோட்டத்திலிருந்து பழைய கம்பி இரண்டு முழம் கொண்டுவந்து கட்டிக் கொடுத்தார். "பந்தல்ல ஏறுற எதுவும் காய்க்கணும். இது என்னத்துக்கு?" என்று கேட்டார்.

"பூக்கும்" என்றாள் சித்தி.

"பூத்து?"

"பாத்துக்கிட்டு இருக்கலாம்."

அப்பா சிரித்தார். அம்மா போன பிறகு அவர் சிரித்து நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

அடுத்த தெருவில் அத்தை வீடு. அப்பாவுக்கு மூத்தவள். புருஷனை இழந்தவள், பிள்ளை இல்லாதவள். அம்மா இறந்த அந்த ஒரு வருடம் என்னைக் குளிப்பாட்டி, தலை பின்னி, பக்கத்தில் படுக்கவைத்து வளர்த்தவள் அவள்தான். சித்தி வந்ததும் என்னைக் கூட்டி வந்து வாசலில் விட்டுவிட்டு, முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு திரும்பிப் பார்க்காமல் போனாள். அவள் பாசம் நிஜமானது. அதைப் பற்றி எனக்கு இன்றுவரை சந்தேகமில்லை.

பள்ளிக்கூடம் விட்டதும் அத்தை வீட்டுக்குத்தான் முதலில் போவேன். அத்தை பக்கத்தில் உட்காரவைத்துக் கேட்பாள்.

"ராத்திரி என்னத்தா போட்டா?"

"பழையது."

"தொட்டுக்க?"

"ஒண்ணுமில்ல."

முதல்நாள் இரவு சித்தி கப்பக்கிழங்கு வேகவைத்து, காந்தாரி மிளகாயும் தேங்காயும் அரைத்துப் போட்டுத் தந்திருப்பாள். வயிறு முட்டத் தின்றிருப்பேன். ஆனால் பழையது என்று சொன்னால் அத்தையின் கண் கலங்கும். பானைக்குள் கை விட்டு அதிரசமோ முறுக்கோ எடுத்துத் தருவாள். "எம்புட்டு எளைச்சுட்டா பாரு" என்று என் முழங்கையைத் தடவுவாள். மறுநாள் இன்னொன்று சொல்வேன். தலை வாரிவிடும்போது முடியைப் பிடித்து இழுத்தாள் என்பேன். அம்மா சேலையை எடுத்துக் கட்டிக்கொண்டாள் என்பேன். அந்தச் சேலையைப் பெட்டியில் எனக்கென்று மடித்து வைத்ததே சித்திதான்.

வீட்டுக்கு வந்தால் சித்தி மடியில் தலைவைத்துப் படுத்துக்கொள்வேன். ஒன்பது வயதில் இரண்டு வீட்டிலும் இரண்டு விதமாக இருக்க எனக்குச் சுலபமாக வந்தது.

ஐப்பசியில் கொடி பூத்தது. தட்டி முழுக்க ஏறி மேலே கவிந்திருந்தது. சின்னச் சின்ன வெள்ளைப் பூக்கள், நடுவில் நூல்நூலாக. நாலு வீடு தள்ளி வரைக்கும் வாசம் வந்தது. தேனீ மொய்த்ததால் அப்பா குளிக்கப் பயந்தார். பக்கத்து வீட்டுப் பெண்கள் வந்து பார்த்துவிட்டுப் பெயர் கேட்டார்கள். சித்திக்கே தெரியவில்லை. மலையில் அதைப் பெயர் சொல்லி யாரும் கூப்பிடுவதில்லை என்றாள்.

நான் ஒரு கொத்தை இழுத்தேன். சித்தி ஓடிவந்து என் கையை எடுத்துவிட்டாள்.

"பூவப் பறிச்சுக்க. இலையக் கசக்கிறாத மோளே. கை செவந்துபோகும்."

அவ்வளவுதான் சொன்னாள். அடுப்பில் பால் வைத்திருந்தாள், உள்ளே போய்விட்டாள். அந்தச் சொல்லுக்கு அவள் மலையில் என்ன அர்த்தமோ, எனக்குத் தெரிந்த அர்த்தம் ஒன்றுதான். கை சிவப்பது என்றால் மருதாணி.

தீபாவளிக்கு இரண்டு நாள் இருந்தது. எங்கள் தெருவில் ஒரே ஒரு மருதாணிச் செடி, கோவில் பக்கத்தில். பெரிய பெண்கள் விடியுமுன்பே போய் அதை மொட்டையடித்துவிட்டார்கள். வகுப்பில் எல்லோர் கையும் மறுநாள் சிவந்திருக்கும், என் கை மட்டும் வெளுத்திருக்கும். மத்தியானம் சித்தி அப்பாவுக்குச் சோறு கொண்டு தோட்டத்துக்குப் போனாள். நான் கொடியில் அடிப்பக்கமாக, தெரியாத இடமாகப் பார்த்து ஒரு கூடை இலை உருவினேன். துவைக்கிற கல்லில் வைத்து இன்னொரு கல்லால் நசுக்கினேன். மூக்கில் ஏறுகிற கார நெடி. உள்ளங்கையில் வட்டமாக வைத்தேன். போதவில்லை என்று இரண்டு முன்கையிலும் விரலால் கோடு போட்டேன், வளையல் அடுக்கின மாதிரி. மணிக்கட்டிலிருந்து முழங்கை வரை ஒரு கைக்கு ஐந்து கோடு. வைக்கோல் படப்புக்குப் பின்னால் போய் உட்கார்ந்துகொண்டேன்.

கொஞ்ச நேரத்தில் குறுகுறுவென்றது. பிடிக்கிறது என்று சந்தோஷமாக இருந்தது. பிறகு எரிந்தது. நல்ல மருதாணி எரியும் போல என்று பல்லைக் கடித்துக்கொண்டு இருந்தேன். கழுவியபோது கோடுகள் சிவப்பாக இருந்தன. சித்திக்குத் தெரிந்தால் இலை உருவியதற்குத் திட்டுவாள் என்று தீபாவளிக்குத் தைத்திருந்த முழுக்கைச் சட்டையை அன்றைக்கே போட்டுக்கொண்டு, தலை வலிக்கிறது என்று சாப்பிடாமல் படுத்துவிட்டேன். அவள் நெற்றியில் கை வைத்துப் பார்த்துவிட்டுப் போனாள்.

காலையில் கண் விழித்தபோது சட்டை கையோடு ஒட்டியிருந்தது. இழுத்தேன். கோடு கோடாகக் கொப்புளம். சிலது உடைந்து நீர் வடிந்தது. சித்தி மாட்டுக் கொட்டத்தில் இருந்தாள். அவள் பார்ப்பதற்குள் நான் அத்தை வீட்டுக்கு ஓடினேன்.

அத்தை அப்போதுதான் வாசல் தெளித்துக்கொண்டிருந்தாள். என் கையைப் பார்த்ததும் வாளியைக் கீழே போட்டாள்.

"ஆத்தா, இது யாரு செஞ்சது?"

கையைப் பின்னால் மறைத்துக்கொண்டேன்.

"அவளா? சூடு வச்சாளா?"

நான் அழுதேன். அழுகையை அவள் பதிலாக எடுத்துக்கொண்டாள். பல நாள் நான் சொன்ன பழையதும் முடி இழுத்ததும் எல்லாம் சேர்ந்து அதற்குச் சாட்சியாக நின்றன. நம் சின்ன வயதில் பிள்ளைகளுக்குச் சூடு வைப்பது நடக்காத விஷயமும் அல்ல. உங்களுக்கே தெரியும்.

அத்தை நேராக எங்கள் வீட்டுக்குப் போகவில்லை. என்னைத் தூக்கிக்கொண்டு முதல் பஸ்ஸில் சின்னமனூர் போனாள். அங்கே ஒரு டாக்டர் கண்ணாடியை இறக்கிவிட்டுப் பார்த்தார். "நேர்க்கோடா இருக்கே. கம்பியக் காய்ச்சி வச்சாகளா?" என்று கேட்டார். அத்தை என்னைப் பார்த்தாள். நான் தரையைப் பார்த்தேன். டாக்டர் தீக்காயத்துக்கான களிம்பைத் தடவிக் கட்டுப்போட்டார். எனக்கு அப்போது நன்றாகத் தெரியும், அது இலையால் வந்தது என்று. அதைச் சொல்ல வேண்டிய நேரம் அந்தக் காலையில் மூன்று தடவை வந்தது. ஒவ்வொரு தடவையும் அத்தையின் கை என் தோளை அணைத்துக்கொண்டிருந்தது. பஸ்ஸில் வழியெல்லாம் யார் யாரோ என்னைத் தொட்டுப் பார்த்து உச்சுக்கொட்டினார்கள். ஒருத்தி ஆரஞ்சு உரித்துத் தந்தாள்.

திரும்பி வந்தபோது வீட்டில் அப்பா இருந்தார். விடியற்காலையிலிருந்து என்னைத் தேடியிருக்கிறார்கள். சித்தி ஓடிவந்து கட்டைப் பார்த்தாள். கட்டுக்கு வெளியே விரலிடுக்கில் ஒரு கொப்புளம் தெரிந்தது. அவள் வாயிலிருந்து முதலில் வந்த வார்த்தை இதுதான்.

"அந்த எலையத் தொட்டியா மோளே?"

"பாத்தியா தம்பி" என்றாள் அத்தை அப்பாவிடம். "நான் ஒரு வார்த்த கேக்கல. அதுக்குள்ள கத தயாரா இருக்கு."

"மதினி, அது கதையில்ல. அந்தக் கொடிச் சாறு பட்டா தோலு பொத்துப்போகும். மலையில எல்லாத்துக்கும் தெரியும்."

"டாக்டரு கம்பிங்கிறாக. நீ எலைங்கிற. எலை கோடு போட்டுச் சுடுமா?"

அப்பா என் முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்தார். "நீ சொல்லுத்தா. எலையப் பூசுனியா?"

அத்தை என் பின்னால் நின்றிருந்தாள். "பயப்படாமச் சொல்லு. இனி உன்ன இங்கன விட மாட்டேன்" என்றாள். வாசலில் நாலைந்து பேர் கூடிவிட்டார்கள். இலையைப் பூசினேன் என்றால் களிம்பு, கட்டு, ஆரஞ்சு எல்லாம் பொய்யாகும். அத்தையிடம் இத்தனை நாள் சொன்னவையும் ஒவ்வொன்றாகப் பொய்யாகும்.

இல்லை என்று தலையாட்டினேன்.

சித்தி என்னையே பார்த்தாள். கோபமாகப் பார்க்கவில்லை. காது கேட்காதவர்கள் வாயசைவைப் பார்ப்பார்களே, அப்படிப் பார்த்தாள்.

அப்பா நியாயமான மனிதர் என்று ஊரில் பெயர். எழுந்து போய்க் கொடியிலிருந்து ஒரு பிடி இலையைப் பிடுங்கி வந்தார். எல்லோர் முன்னாலும் இரண்டு உள்ளங்கைக்கும் நடுவில் வைத்துக் கசக்கினார். பச்சைச் சாறு மணிக்கட்டு வரை ஒழுகியது. ஒரு பீடியைப் பற்றவைத்துக் குடித்து முடிக்கிற வரை காத்திருந்தார். கையை விரித்துக் காட்டினார். நீலம் பாய்ந்த காய்ப்பு. ஒன்றுமில்லை.

"உடனே தெரியாதுங்க. நாளைக்குத்தான் தெரியும்" என்றாள் சித்தி. அவளும் இலையைப் பிடுங்கித் தன் இரண்டு முன்கையிலும் தேய்த்தாள். அழுத்தி அழுத்தித் தேய்த்தாள். "நாளைக்கு என் கையப் பாருங்க. அதுவரைக்கும் பொறுங்க."

"நாளைக்கு அடுப்புல கையக் காட்டிட்டு வந்து நிப்பா. அதுக்குத்தான் அடி போடுறா" என்றாள் அத்தை.

வாசலில் நின்றவர்களில் ஒருவர் தொண்டையைச் செருமினார். அப்பா அந்தப் பக்கம் திரும்பிப் பார்த்தார். அதற்குப் பிறகு அவர் சித்தியின் முகத்தைப் பார்க்கவில்லை. "பெட்டிய எடு" என்றார்.

மத்தியானப் பஸ்ஸில் அவரே கொண்டுபோய்ச் சின்னமனூரில் கம்பம் வண்டி ஏற்றிவிட்டு வந்தார். தகரப் பெட்டி, பச்சை நிறம், மூடியில் ஒரு மயில். பஸ் நிற்கிற இடத்துக்கு அத்தை வீட்டு வாசலைக் கடந்துதான் போக வேண்டும். நான் அத்தையின் இடுப்பில் முகத்தை வைத்துக்கொண்டிருந்ததால் அவள் போவதைப் பார்க்கவில்லை. அவள் செருப்புச் சத்தம் மட்டும் கேட்டது.

மறுநாள் தீபாவளி. அப்பா எண்ணெய் தேய்த்துக்கொள்ள அத்தை வீட்டுக்கு வந்தார். வலது மணிக்கட்டில் ஒரு துணி சுற்றியிருந்தார். "என்னப்பா அது?" என்று அத்தை கேட்டதற்கு, "பந்தக்கம்பி கிழிச்சிருச்சு" என்றார். கிணற்றடியில் அவர் துணியைப் பிரிக்கும்போது நான் சீயக்காய்க் கிண்ணத்தோடு போய் நின்றேன். மணிக்கட்டின் உட்பக்கம், காய்ப்பு இல்லாத மெல்லிய தோலில், சாறு ஒழுகிய தடத்தில் வரிசையாக மூன்று கொப்புளம். என் கையில் இருந்தவை எப்படியோ அப்படியே.

அப்பா நிமிர்ந்து பார்த்தார். நான் அவர் மணிக்கட்டைப் பார்த்துக்கொண்டிருந்ததைப் பார்த்தார். கிண்ணத்துக்காகக் கையை நீட்டினார். கொடுத்தேன். மறுபடி துணியைச் சுற்றிக்கொண்டார். அவர் கேட்டிருந்தால் அன்று சொல்லியிருப்பேனா என்று எத்தனையோ தடவை யோசித்திருக்கிறேன். சொல்லியிருப்பேன் என்றுதான் நினைக்கிறேன். அவர் கேட்கவில்லை.

அதற்கு அடுத்த நாள் கொடியை அடியோடு வெட்டினார். யாரையும் தொடவிடவில்லை. கைக்குச் சாக்கைச் சுற்றிக்கொண்டு வெட்டினார். எதற்குச் சாக்கு என்று அத்தை கேட்கவில்லை. ஈரக்கொடி எரியாமல் இரண்டு நாள் புகைந்தது.

அத்தை எங்கள் வீட்டுக்கே குடிவந்தாள். கோழியிறகில் எண்ணெய் தொட்டு, என்னென்னவோ பொடி போட்டுப் புண்ணை ஆற்றப் பார்த்து, அது சீழ் வைத்து, ஆறும்போது தழும்பாகிவிட்டது. அப்பா வேறு கல்யாணம் செய்துகொள்ளவில்லை. திராட்சைக்கு மருந்தடிப்பார், சாப்பிடுவார், படுப்பார். எனக்குப் பத்தொன்பது வயதில் கல்யாணமாகும் வரை நாங்கள் இருவரும் அந்தப் பெயர் தெரியாத கொடியைப் பற்றி ஒரு சொல் பேசியதில்லை.

ஆனால் நான் மற்றவர்களிடம் பேசினேன். அதை எழுதத்தான் கை கூசுகிறது. பள்ளிக்கூடத்தில் டீச்சர் கேட்டபோது சித்தி சூடு வைத்தது என்றேன். அவர் என்னை முன் பெஞ்சில் உட்காரவைத்தார். கல்யாணமான புதிதில் என் கணவர் தழும்பைத் தடவிக் கேட்டபோதும் அதையே சொன்னேன். அவர் கண்ணில் நீர் வந்தது. என் மகளைச் சாப்பிடவைக்கக் கூட அந்தக் கதை உதவியது. சொல்லச் சொல்ல அதில் அடுப்பும் கம்பியும் கம்பி பழுத்த நிறமும் சேர்ந்துவிட்டன. சில நாட்களில் நானே அதை நம்பினேன்.

அத்தை நம்பியபடியே செத்தாள். அப்பா கடைசி ஆறு மாதம் என் வீட்டில்தான் இருந்தார். பேச வாய் இருந்தது. பேசவில்லை.

என் மகள், உங்களுக்குத் தெரியும், இரண்டாம் தாரமாகத்தான் வாழ்க்கைப்பட்டாள். மூத்த தாரத்துக்கு ஒரு பெண் குழந்தை. மூன்று வருடம் முன்பு ஒருநாள் மகள் போன் செய்தாள். குழந்தை மாடிப்படியில் விழுந்து கால் வீங்கியிருக்கிறது என்றாள். பிறகு குரலைத் தாழ்த்தினாள்.

"பக்கத்து வீட்டுல என்னைய ஒரு மாதிரி பாக்குறாங்கம்மா. அது தானா விழுந்துச்சுன்னு நான் சொன்னா யாரும் நம்ப மாட்டேங்கிறாங்க. ஒங்கையில இருக்குற தழும்ப நெனச்சுக்கிட்டே இருக்கேன். என்னையவும் அப்படித்தானே நெனப்பாங்க?"

போனை வைத்த பிறகு என்னால் உட்கார முடியவில்லை. அடுத்த வாரம் கம்பம் போய், அங்கிருந்து தோட்டத்துக்கு ஆள் ஏற்றும் ஜீப்பில் மெட்டு ஏறினேன். சித்தியின் அண்ணன் பெயரைச் சொல்லிச் சொல்லிக் கேட்டு, மத்தியானம் ஒரு மணிக்கு அந்த வீட்டைக் கண்டுபிடித்தேன். அவர் இல்லை, காலமாகிவிட்டார். அவர் மனைவி இருந்தார். எண்பது வயது இருக்கும். ஓடைப்பட்டி என்றதும் என் முகத்தைப் பார்க்கவில்லை, கையைப் பார்த்தார். உள்ளே வரச் சொன்னார்.

சித்தி இறந்து ஒரு வருடம் ஆகியிருந்தது. மூச்சிரைப்பு. கடைசிவரை காய் எடுத்திருக்கிறாள். மறுபடி கல்யாணம் இல்லை. ஒரு போட்டோ கூட இல்லை.

"வந்து எறங்குன மறுநாளு கை ரெண்டும் பொத்து, நீர் வடிய வடியக் கெடந்தா" என்றார் அந்த அம்மா. "அத யாருட்டப் போயிக் காட்ட? இங்க பாக்குறவுகளுக்கு அது எலையின்னு தெரியும். தெரிய வேண்டியவுக அங்கன இருக்காக."

பிறகு, நான் கேட்காமலே சொன்னார்.

"உங்கப்பா ஒருக்க வந்தாகளே. தெரியுமில்ல?"

தெரியாது என்றேன்.

"கார்த்திக கழிஞ்சு வந்தாக. வெள்ளச் சட்ட போட்டுக்கிட்டு, அந்தா ரோட்டுல நின்னாக. வீட்டுக்குள்ள வரல. அவதான் போனா. நான் வேலிக்கிட்ட நின்னேன். 'கெளம்பு, போவம்'னாக. 'எலைதான்னு ஊர்ல சொல்லிட்டீகளா?'ன்னு கேட்டா. 'அத எதுக்கு இனி கிண்டிக்கிட்டு? நீ வா'ன்னாக. 'பிள்ள இப்ப என்ன சொல்லுது?'ன்னா. அதுக்கு அவுக, 'அது ஒண்ணும் சொல்லல'ன்னாக."

அந்த அம்மா டம்ளரை என் பக்கம் நகர்த்தினார். பால் விடாத கட்டன்சாயா.

"பிள்ள சொல்லட்டும், வாரேன்னுட்டா. உள்ள வந்துட்டா. அவுக கொஞ்ச நேரம் நின்னு பாத்துட்டுப் போயிட்டாக. அதுக்குப் பெறகு வரல."

அந்த நாள் எனக்கு நினைவிருக்கிறது. அப்பா வெள்ளைச் சட்டையோடு சாயங்காலம் திரும்பி வந்து, ஏலக்காய் வாசம் அடிக்கிற ஒரு பையை அத்தையிடம் கொடுத்தார். என்னை ஒரு தடவை பார்த்தார். நான் பாடம் எழுதிக்கொண்டிருந்தேன். அவர் ஏதோ கேட்கப்போகிறார் என்று பென்சிலை நிறுத்தினேன். அவர் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டுத் தோட்டத்துக்குப் போய்விட்டார்.

"ஒம்மேல அவளுக்குக் கோவமே கெடையாது" என்றார் அந்த அம்மா. "நாங்க ஏசுனாலும் விட மாட்டா. 'எலைய உருவுனதுக்கு ஏசுவமின்னு பயந்து இல்லன்னுருச்சு, அதுக்குத் தெரியாது. எலையாலதான் பொத்துச்சுன்னு அதுக்குத் தெரிஞ்சிருந்தா எம்மோளு சொல்லியிருக்கும்'ம்பா. சாகுறதுக்கு மொத வாரம் கூடச் சொன்னா. ஒம்போது வயசுப் பிள்ள. என்ன தெரிஞ்சிருக்கும்?"

ஆமாம் என்று சொன்னால் போதும். அந்த வீட்டில் அப்படித்தான் ஐம்பது வருடமாக நம்பியிருக்கிறார்கள். சாயாவைக் குடித்துவிட்டு, அந்த அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதுவிட்டுக் கிளம்பியிருக்கலாம்.

"எனக்குத் தெரியும்" என்றேன். "அன்னைக்கே தெரியும்."

அந்த அம்மா என்னைப் பார்த்தார். என் முன்னால் இருந்த டம்ளரை எடுத்தார். பாதிச் சாயா அதில் இருந்தது. அதை எடுத்துக்கொண்டு உள்ளே போனார். பாத்திரம் கழுவுகிற சத்தம் கேட்டது. பிறகு அதுவும் நின்றது. பின்கதவு திறந்து மூடியது.

கீழே இறங்கும் கடைசி ஜீப் நாலு மணிக்கு. அதுவரை அந்த நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன். யாரும் வெளியே வரவில்லை. ஹாரன் கேட்டதும் எழுந்து, கதவைச் சாத்திவிட்டு, ரோட்டுக்கு இறங்கினேன்.